நோனா தாமதமாக வந்த நாள்

கொரோனாக் காலம் முடிந்து ஓரிரு வருடங்கள் ஆகியிருக்கும். நிவித்திகலைக்கு மேலே, மலைச்சரிவில் இருக்கும் ஒரு தேயிலைத் தோட்டத்தில், மே மாத மழையில் நடந்த சம்பவம் இது. அப்போது நான் இரத்தினபுரி டவுனில் இருந்த ஒரு சின்னத் தொண்டு நிறுவனத்தில் வேலை பார்த்தேன். நானும் தோட்டத்துப் பிள்ளைதான். கரவனெல்லைப் பக்கம் ரப்பர் பால் வெட்டிய அம்மாவின் மகள்.

எங்கள் நிறுவனத்துக்குப் பணம் முழுக்க வெளிநாட்டிலிருந்து வந்தது. நான் சேர்ந்த புதிதில் நாங்கள் 'பெண்கள் வலுவூட்டல்' செய்துகொண்டிருந்தோம். பிறகு அது 'இளைஞர் சுயதொழில்' ஆனது. அதன்பின் 'அனர்த்த முன்னாயத்தம்', அதாவது பேரழிவு வருமுன்பே தயாராக இருப்பது. பணம் கொடுப்பவர்களின் அக்கறை எந்தப் பக்கம் திரும்புகிறதோ, நாங்களும் அந்தப் பக்கம் திரும்பியாக வேண்டும். எங்கள் பணிப்பாளர் மோசமான மனிதர் இல்லை. எங்கள் எல்லோர் வீட்டிலும் அடுப்பு எரிய வேண்டுமே என்ற கவலையில், அந்தப் புதுப்புது வார்த்தைகளைப் பரீட்சைக்குப் படிப்பதுபோல் படித்துக்கொண்டிருப்பார்.

அந்தத் தோட்டத்தில் தொழிலாளர்கள் வரிசை வீடுகளாகக் குடியிருக்கும் லயத்துக்குப் பின்னால் செங்குத்தாக மண்மேடு. மழைக்காலத்தில் அங்கே யாரும் நிம்மதியாகத் தூங்கியதில்லை. மண்சரிவு வந்தால் எப்படித் தப்புவது என்று ஒத்திகை நடத்தப்போகிறோம் என்று நான் போய்ச் சொன்னபோது ஒரு அக்கா கேட்டார்:

"ஓடுறதுக்கு எங்களுக்குத் தெரியும் மிஸ். ஓடிப் போய் இருக்கிறதுக்கு ஒரு துண்டு காணி வாங்கிக் குடுக்க ஏலாதா?"

"இந்தத் திட்டத்துல அது இல்லக்கா" என்றேன். எத்தனை தோட்டங்களில் அந்த வாக்கியத்தைச் சொல்லியிருப்பேன்! தண்ணீர்க் குழாய் கேட்டபோதும் அதுதான், கழிப்பறைக்குக் கதவு கேட்டபோதும் அதுதான்.

ஒத்திகையைப் பார்க்க, பணம் கொடுக்கும் நாட்டிலிருந்து ஒரு அம்மா வருவதாக ஏற்பாடு. தோட்டத்தில் எல்லோரும் அவரை 'வெள்ளைக்கார நோனா' என்றார்கள். அவர்கள் அனுப்பிய நிபந்தனைகளில் ஒன்று, விசேட தேவையுள்ளவர்களும் கட்டாயம் பங்குபற்ற வேண்டும் என்பது. அந்த லயத்தில் அப்படி ஒருவர் இருந்தார். மாணிக்கக்கல் குழியில் விழுந்து, இடுப்புக்குக் கீழே அசைவில்லாமல் போன ஒரு அண்ணன். லயத்து அறையான காம்பராவை விட்டு அவர் வெளியே வந்து வருடக்கணக்காகிவிட்டது. அவருடைய மனைவி கொழுந்து எடுக்கிறவர்.

உண்மையைச் சொன்னால், அந்த நிபந்தனை எனக்கு எரிச்சலாக இருந்தது. படத்தில் காட்டுவதற்காக ஒரு மனிதரைத் தூக்கிக்கொண்டு போவதா என்று பணிப்பாளரிடமே கேட்டேன். "அவர் இல்லாட்டி ரிப்போர்ட் பாஸாகாது பிள்ளை" என்றார்.

அன்றைக்குக் காலையிலிருந்தே மழை. லயத்திலிருந்து சற்றுத் தள்ளி, ஓடைக்கு அந்தப் பக்கம் சமமான இடத்தில் கொழுந்து நிறுக்கும் பழைய கொட்டகை, மடுவம் என்பார்கள், ஒன்று இருக்கிறது. எல்லோரையும் முதலில் அங்கே கூட்டி, நோனா வந்ததும் பேச்செல்லாம் முடித்து, பிறகு லயத்துக்குத் திருப்பி அனுப்பி சைரன் ஊதுவதாகத் திட்டம். அந்த அண்ணனை பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்து நாலு பேர் தூக்கி வந்தார்கள். "கல்யாண மாப்பிளைய கூட இப்பிடித் தூக்க மாட்டாங்கடா" என்று சிரித்துக்கொண்டே வந்தார். மடுவத்துக்கு வந்து, எதிரே பச்சையாகக் கிடந்த மலையைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. பார்த்துக்கொண்டே இருந்தார்.

நோனா வரவில்லை. வழியில் மரம் விழுந்து வாகனம் நின்றுவிட்டதாம். கொஞ்ச நேரம் என்றார்கள். மதியம் தாண்டியது. பிள்ளைகள் சிணுங்கின. சோற்றுப் பார்சலை முன்னாலேயே கொடுத்தோம். சாப்பிட்டதும் பெண்கள் கிளம்பத் தொடங்கினார்கள். பணிப்பாளர் அலுவலகத்திலிருந்து போனில் கத்தினார்: "ஒருத்தரையும் போக விடாதீங்க. வெறும் மடுவத்தையா அவங்களுக்குக் காட்டுறது?" எழுந்தவர்களை நான் கெஞ்சித் திரும்ப உட்காரவைத்தேன்.

அந்த அண்ணனின் மனைவி என்னிடம் வந்து மெதுவாகச் சொன்னார். "இவருக்கு மூத்திரப் பை மாத்தணும் மிஸ். காம்பராவுல இருக்கு, ஓடிப் போய் எடுத்துட்டு வந்துர்றேன்."

"கொஞ்சம் பொறுங்கக்கா, பாலத்தைத் தாண்டிட்டாங்களாம்" என்று அவர் கையைப் பிடித்தேன். உண்மையில் பாலத்தைத் தாண்டினார்களா என்று எனக்குத் தெரியாது.

கையை உதறிவிட்டு அவர் கோபமாகப் பெஞ்சில் உட்கார்ந்தார். "ஒங்க வெள்ளைக்காரிக்காக இவரு இப்பிடியே கெடக்கணுமா?"

அதற்குப் பதில் சொல்ல வாயெடுத்தேன். அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது. பெரிய லொறி ஒன்று கல்லைக் கொட்டுவதுபோல ஆரம்பித்து, நிற்காமல் நீண்டுகொண்டே போனது. ஓடைக்கு அந்தப் பக்கம் மண்மேடு நகர்ந்து வந்து லயத்தின் மேல் உட்கார்ந்தது. கூரைத் தகரங்கள் காகிதம்போல மடங்கின. கடைசிப் பக்கத்துக் காம்பராக்கள் இருந்த இடமே தெரியவில்லை. அந்த அண்ணனின் காம்பராவும் அதில் ஒன்று.

ஒருவரை ஒருவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, பிள்ளைகளைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார்கள். எல்லோரும் மடுவத்தில் இருந்தார்கள். ஒருவர்கூடக் குறையவில்லை. அந்த அண்ணனின் மனைவி என் தோளில் சாய்ந்தார். சற்றுமுன் அவர் உதறிய கையை நான் இறுகப் பிடித்துக்கொண்டேன்.

நோனா மறுநாள் காலையில்தான் வந்தார். வாகனம் வர முடியாத தூரத்தைச் சேற்றில் நடந்தே வந்தார். ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். முழங்கால் வரை மண். மடுவத்திலேயே இரவைக் கழித்திருந்த சனங்களைப் பார்த்து, "சைரன் கேட்டதும் எல்லோரும் ஓடி வந்தார்களா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

செய்தி கேட்டு விடியுமுன்பே வந்துவிட்டிருந்த பணிப்பாளரை நான் பார்த்தேன். அடுத்த வருடப் பணம் இன்னும் முடிவாகாத நேரம். 'ஆமாம்' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், எங்கள் வேலைகள் எல்லாம் நிலைத்துவிடும். தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் அவரே சொன்னார். "சைரன் ஊதவே இல்லை, மேடம். இவர்கள் உங்களுக்காகக் காத்திருந்தார்கள். அவ்வளவுதான்." நாற்காலியில் இருந்த அண்ணனைக் காட்டி, "நீங்கள் கேட்டதால்தான் இவரைத் தூக்கி வந்தோம்" என்றும் சொன்னார்.

நோனா அப்படியே பெஞ்சில் உட்கார்ந்தார். கண்ணீர் வழிந்தது.

"அந்தம்மாவ அழ வேணாம்னு சொல்லுங்க மிஸ்" என்றார் அந்த அண்ணன். "அவங்க நேரத்துக்கு வந்திருந்தா நாங்க எல்லாம் லயத்துக்குத் திரும்பிப் போயிருப்போம். லேட்டானதுனாலதானே இருக்கோம். ஒன்னு மட்டும் சொல்லுங்க. இனி அந்த எடத்துக்குப் போக ஏலாது. வேற எடம் வேணும்."

நான் மொழிபெயர்த்தேன். நோனா பொய்யாக எதுவும் சொல்லவில்லை. வீடு கட்டுவது தன் கையில் இல்லை, கேட்டுப் பார்க்கிறேன் என்றார். கேட்டும் பார்த்தார். அவருடைய தலைமையகத்தோடு மாதக்கணக்கில் மல்லுக்கட்டி, மீதி ஒத்திகைகளுக்கு என்று ஒதுக்கிய பணத்தைத் தற்காலிகக் கூரைகளுக்கு மாற்றித் தந்தார். அடுத்த வருடம் அவர்கள் நாடு உதவியையே குறைத்துவிட்டது. எங்கள் அலுவலகமும் மூடப்பட்டது. பணிப்பாளர் இப்போது வீட்டில் பிள்ளைகளுக்கு டியூஷன் எடுக்கிறார். அந்த லயத்தில் இருந்தவர்களில் சிலருக்கு தோட்டத்தின் இன்னொரு டிவிஷனில் காணி கிடைத்து வீடும் கட்டியாகிவிட்டது. சிலர் இன்னும் அந்தத் தகரக் கூரைக்குக் கீழேதான். அந்த அண்ணன் குடும்பம் காணி கிடைத்த குடும்பங்களில் ஒன்று. இப்போது அவர் வாசலில் உட்கார்ந்தே பொழுதைக் கழிக்கிறாராம்.

வெளிநாட்டுப் பணத்தால் நாடு கெட்டது என்று யாராவது பேசினால் என்னால் தலையாட்ட முடிவதில்லை. அந்தப் பணம்தான் வாழவைத்தது என்று யாராவது சொன்னாலும் முடிவதில்லை. எங்கோ தூரத்தில் முகம் தெரியாத யாரோ எழுதிய ஒரு வரிக்காக நாங்கள் முணுமுணுத்துக்கொண்டு தூக்கி வந்த மனிதர் இன்று உயிரோடு இருக்கிறார். யாரும் சொல்லாமலே நாங்களாக அவரை ஒருநாள் வெளியே தூக்கி வந்து அந்த மலையைக் காட்டியிருக்கலாமே என்ற எண்ணம், பெரிய மழை பெய்யும்போதெல்லாம் என்னை இன்னும் கேள்வி கேட்டுக்கொண்டே இருக்கிறது.