ஏட்டி என்ற சொல்

கைக்குழந்தைக்கு விரிக்கப் பழைய வேட்டியைக் கிழித்தேன். அந்தச் சத்தத்தில் கை நின்றுவிட்டது.

பசுவந்தனையில் சித்தப்பாவின் திரையும் இப்படித்தான் கிழிந்தது. கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்தவர், எங்கள் ஊர்ப் பேச்சிலேயே ஒரு படம் எடுத்தார். பொழுது சாய்ந்ததும் இரண்டு வேட்டிகளைச் சேர்த்துத் தைத்துத் திரையாகக் கட்டி, ஊருக்குப் போட்டுக் காட்டினார். படத்தில் புஞ்சையில் உழுதுகொண்டிருந்த சம்சாரி பெண்டாட்டியைப் பார்த்து, "ஏட்டி, கஞ்சி கொண்டா" என்றதும் முன்னால் இருந்த ஒருவர் எழுந்தார்.

"எங்க வீட்டுப் பேச்சைக் காட்டி ஊரு சிரிக்க வைக்கியாலே?"

கல் பறந்தது. திரை கிழிந்தது. சித்தப்பாவின் முன்பல் கரிசல் மண்ணில் விழுந்தது. அவர் கழுத்தை நெரித்துக்கொண்டே அந்த மனிதர், தடுக்க வந்த தன் மனைவியிடம், "ஏட்டி, நீ வீட்டுக்குப் போ" என்றார்.

ரத்த வாயோடு சித்தப்பா சிரித்தார். "அண்ணாச்சி, நான் எழுதுனதைவிட நல்லாச் சொல்லுதீங்க."

அதற்கும் ஓர் அறை விழுந்தது. பிறகு அவர் படமே எடுக்கவில்லை.

இப்போது என் மூத்த மகள் பொம்மையை மடியில் போட்டு, "ஏட்டி, அழாத" என்கிறாள். இந்த நகரத்துப் பள்ளியில் இவளைப் பார்த்துச் சிரிப்பார்களோ என்று பயம் வந்தது. திருத்தத்தான் வாயெடுத்தேன்.

"ஏட்டி, அப்படிச் சொல்லக் கூடாது."