கடைசித் தாளைக் கிழித்தவள்

போன ஞாயிற்றுக்கிழமை எனக்கு வந்த கோபம் இருக்கிறதே... இரவல் போன என் காமிக்ஸ், கடைசித் தாள் இல்லாமல் திரும்பி வந்தது. ஆமாம், இந்த வயதிலும் காமிக்ஸ் படிக்கிறேன். சிரித்து முடித்துவிட்டு மேலே படியுங்கள்.

வாங்கிப்போனவள் பக்கத்து வீட்டு மல்லிகா. ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் வேலை. சின்ன வயதில் போலியோ வந்து வலது கால் சூம்பிப்போனவள்.

“கடைசித் தாள் எங்கடி?”

“நான்தான் கிழிச்சேன்க்கா. படிச்சதும் பேஜாராயிடுச்சு.”

கதை இதுதான். முகமூடி போட்ட ஒரு பெண், சக்கர நாற்காலியில் இருந்தபடியே கடத்தல் கூட்டத்தை மடக்குகிறாள். அபூர்வம்தான் — வழக்கமாக காமிக்ஸில் பெண் என்றால் கட்டிப்போடுவார்கள், அலறுவாள், ஹீரோ வருவார். இதில் கடைசிப் பக்கத்தில் வானத்திலிருந்து பச்சை வெளிச்சம் விழுகிறது. அவள் எழுந்து நடக்கிறாள். ஊரே கை தட்டுகிறது.

நானும் மனசுக்குள் தட்டினேன். சந்தோஷமான முடிவுதானே?

“குந்திக்கினே அத்தினி பேரைப் புடிச்சவளை எதுக்குக்கா எழுப்பி நிக்க வெக்கணும்? அதுவரைக்கும் அவளுக்கு இன்னா கம்மி?”

உட்காரவைத்து விசாரித்தேன்.

அவள் கோபம் புத்தகத்தின் மேல் மட்டுமில்லை. வருஷக்கணக்காகத் தோலுக்குப் பசை தடவும் மேஜையிலேயே இருக்கிறாள். கூடச் சேர்ந்தவர்கள் எல்லாம் தையல் மெஷினுக்குப் போய்விட்டார்கள். மெஷினுக்கு பெடல் வலது பக்கம். கேட்கும்போதெல்லாம் சூப்பர்வைசர், “கால் சரியாகட்டும்மா, பார்க்கலாம்” என்று அன்பாகவே சொல்லி அனுப்புவாராம். அந்த அன்பைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

ஃபிட்டரை நச்சரித்து, ஓரமாகக் கிடந்த பழைய மெஷினில் பெடலை இடது பக்கம் மாற்ற வைத்திருக்கிறாள். சாப்பாட்டு நேரத்தில் துண்டுத் தோலில் தைத்துப் பழகியிருக்கிறாள். மறுநாள் சூப்பர்வைசர் முன்னால் தைத்துக் காட்டவேண்டும். துணி என்றால் பிரித்துத் தைக்கலாம். தோலில் ஊசி தப்பினால் ஓட்டை ஓட்டைதான். தப்பினால் மறுபடி பசை மேஜை...

திங்கட்கிழமை எனக்கு ஒரு வேலையும் ஓடவில்லை. சாயங்காலம் வந்தாள்.

“மெஷின் குடுத்துட்டாங்கக்கா.”

தையல் கோடு போட்டமாதிரி வந்ததாம். சூப்பர்வைசர் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “கால் சரியாயிடுச்சாம்மா?” என்று கேட்டாராம்.

“நீ இன்னா சொன்னே?”

“கால் அப்படியேதான் சார் இருக்குது, பெடலைத்தான் மாத்தினேன்னேன்.”

இந்தத் தடவை சத்தமாகவே கை தட்டினேன். முகமூடிகூட இல்லாமல் சொல்லியிருக்கிறாள்.