முதல் மறுப்பு

லைட் மீட்டரை நடிகையின் கன்னத்தருகே பிடித்திருந்த ஒளிப்பதிவாளர் அர்தவானிடம் இயக்குநர் பெஹ்நாம் படிவத்தை நீட்டினார். மதியத்துக்குள் தணிக்கை அலுவலகத்துக்குப் போக வேண்டும். திரைக்கதை என்ற இடம் காலியாக இருந்தது.

"உங்க பேரைத்தானே போடணும், அர்தவான் ஜான்?" என்றார். பிரியமானவர்களை 'ஜான்' என்று அழைப்பது அங்கே வழக்கம்.

"நீங்க இருக்கிறப்ப எனக்கென்ன பேரு. உங்க பேரையே போடுங்க."

தெஹ்ரானில் காய்கறிக்காரர்கூட முதலில் காசு வேண்டாம் என்பார். வற்புறுத்த வேண்டும். மூன்றாம் தரம் வாங்கிக்கொள்வார். பெஹ்நாம் இரண்டாம் தரம் கேட்கவில்லை.

"இந்த மனசு யாருக்கு வரும்" என்று சொல்லி, லென்ஸ் பெட்டிமேல் வைத்துத் தன் பெயரை எழுதினார். அர்தவானின் கேமராவுக்கு ஃபோகஸ் பார்க்கும் நானும் மற்றவர்களும் தரையைப் பார்த்தோம்.

இருபத்திரண்டு வருடங்களில் பத்தொன்பது படங்கள் ஒளிப்பதிவு செய்தவர் அர்தவான். எழுதியவை நான்கு. இரண்டுக்கு அனுமதி கிடைக்கவில்லை. மூன்றாவதில் விதவை சிரிக்கும் இடங்களையெல்லாம் வெட்டச் சொன்னார்கள், தயாரிப்பாளர் பின்வாங்கினார். இது நான்காவது. வேன்களில் உட்கார்ந்து மூன்று வருடம் எழுதியது. இதில் பெயர் வரும் என்று அவர் மனைவி மஹ்லகா உறவுகளிடம் சொல்லியிருந்தாள்.

அன்று மாலை நான் அவர்கள் வீட்டுக்குப் போயிருந்தபோது, "போன் பண்ணிக் கேளுங்க" என்றாள் அவரிடம்.

"கொடுத்ததைத் திருப்பிக் கேக்கவா?"

"எங்க கொடுத்தீங்க? மரியாதைக்குச் சொன்னீங்க."

"அது தெரிஞ்சுதான் அவரு எடுத்துக்கிட்டாரு."

"அப்ப அவரு திருடன். நீங்க கதவைத் திறந்து, உள்ள போட்டுக்கச் செருப்பும் எடுத்து வெச்சவரு."

நான் அங்கிருக்கும்போதே போன் செய்தார். பெஹ்நாமின் உடல்நலம் கேட்டார். அவர் அம்மாவின் முழங்கால் வலி பற்றிக் கேட்டார்.

"ஏதாவது வேணுமா, ஜான்?" என்றது போன்.

"ஒண்ணுமில்ல. உங்க நலம்தான் வேணும்."

மஹ்லகா தேநீர்க் கோப்பைகளை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். எங்கள் கோப்பைகள் பாதிகூடக் காலியாகவில்லை.

குளிர்காலத் திரைப்பட விழாவில் படத்துக்கு ஒரே பரிசு. திரைக்கதைக்கு. ஒவ்வொரு வரியும் தன் ரத்தம் என்றார் பெஹ்நாம். அர்தவான் எழுந்து நின்று கைதட்டினார். வெளியே, நிருபர்கள் சூழ, பெஹ்நாம் பரிசை அவரிடம் நீட்டினார்.

"இது உங்களோடது."

"உங்களுக்குத்தான் தகும்."

இம்முறை பெஹ்நாம் முறைப்படி மூன்று தரம் நீட்டினார். மூன்று தரமும் படமெடுத்தார்கள். மூன்று தரமும் அர்தவான் மறுத்தார்.

மறுநாள் காலை எட்டு மணிக்கு எனக்கும் அர்தவானுக்கும் கரஜ் சாலையில் சோப்புத்தூள் விளம்பரப் படப்பிடிப்பு. பத்து மணிக்குத்தான் வெயில் வந்தது. வெள்ளைத் துணி மஞ்சளாகத் தெரிகிறது என்றார்கள். ஃபில்டரை மாற்றினோம். மதியம் கோழிக் கபாப், சோறு. நாலரைக்கு முடிந்தது.