லுவேனியா பெரியம்மாவின் பத்து விரல்கள்

போன குளிர்காலம் முழுவதும் என் பெரியம்மா லுவேனியா ஸ்ப்ரூயில், கோட்டின் வலது பக்கத்தைச் சுருட்டி இடுப்புவாரில் செருகிக்கொண்டுதான் வேலை செய்தாள். அந்த இடுப்பில் ஒரு கைத்துப்பாக்கி இருந்தது. எங்கள் வடக்கு கரோலைனாவில் துப்பாக்கியை நாலு பேர் கண்ணில் படும்படி வைத்துக்கொள்ள யாரையும் கேட்க வேண்டாம். கோட்டால் மூடினால்தான் குற்றம். மூட வேண்டுமென்றால் கவுண்டி என்கிற எங்கள் மாவட்டத்தின் காவல் தலைவரான ஷெரீஃப் கொடுக்கும் அனுமதி அட்டை வேண்டும். பெரியம்மாவிடம் அட்டை இல்லை. அதனால் அவள் மூடவில்லை. ஆற்றுப்பக்கத்து ஈரக்காற்று நேராக விலாவில் அடிக்கும். கொத்துக்கரண்டியைக் கீழே வைத்துவிட்டு இடுப்பைத் தேய்த்துக்கொள்வாள், மறுபடி கரண்டியை எடுப்பாள்.

"இந்தக் காட்டுல யாரு வந்து பாக்கப் போறா, லூ அக்கா? சும்மா மூடிக்க" என்பான் ராய்ஸ். பதினாறு வருடமாக அவளோடு சாரம் ஏறுகிறவன்.

"நான் பாப்பேன்ல" என்பாள்.

பெரியம்மாவுக்கு அறுபத்து நாலு வயது. கொத்தனார். டாரோ கவுண்டியில் செங்கல் வைக்கும் பெண் அவள் ஒருத்திதான். பதினெட்டு வயதில் சாரம் ஏறியவள். முந்தைய இலையுதிர் காலத்தில், சதுப்பு நிலத்தை ஒட்டிய ஒரு வீட்டில் தனியாக வேலை செய்துகொண்டிருந்தபோது இரண்டு பேர் லாரியோடு வந்து சாரக் குழாய்களைப் பட்டப்பகலில் ஏற்றினார்கள். ஏன் என்று கேட்டதற்கு ஒருவன் கம்பியைத் தூக்கிக் காட்டினான். போன் செய்து ஐம்பது நிமிடம் கழித்துப் போலீஸ் வந்தது. அந்த வாரமே அவள் துப்பாக்கி வாங்கிவிட்டாள்.

எங்கள் குடும்பத்தில் பட்டம் வாங்கிய முதல் ஆள் நான். பெயர் கெண்ட்ரா. ஆனால் பெரியம்மா என்னைக் கூப்பிடுவது 'காலேஜ்' என்றுதான். கல்லூரியில் துப்பாக்கிக்கு எதிராகப் பதாகை பிடித்துக்கொண்டு நடந்தவள் நான். அனுமதிக்கான விண்ணப்பத்தை நிரப்பித் தரும்படி போன ஜூலையில் அவள் கேட்டபோது, அரை மணி நேரம் புள்ளிவிவரமாகக் கொட்டினேன். கீரையும் சோள ரொட்டியும் சாப்பிட்டபடி அவள் பொறுமையாகக் கேட்டாள்.

"பேசி முடிச்சிட்டியா, காலேஜ்?"

"முடிச்சிட்டேன்."

"சரி, இப்ப அந்த ஃபாரத்தைத் தொற."

அவள் குளிருக்காக மட்டும் அதைக் கேட்கவில்லை என்பது எனக்குத் தெரியும். 1966இல், கறுப்பரான என் தாத்தா அலோன்சோ இதே ஷெரீஃப் அலுவலகத்துக்குப் போனார். அந்தக் காலத்தில் கைத்துப்பாக்கி வாங்கவே ஷெரீஃபின் சீட்டு வேண்டும். 'நல்ல நடத்தை' உள்ளவர் என்று ஷெரீஃபுக்குத் திருப்தி வர வேண்டும். தாத்தாவும் கொத்தனார். அந்த அலுவலகத்தின் பின்சுவரைக் கட்டியவரே அவர்தான். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் இருந்தவர், "உன் நடத்தைக்கு யாரு சாட்சி?" என்று கேட்டாராம். தாத்தா பாஸ்டர் பெயரைச் சொன்னார். தான் வீடு கட்டிக் கொடுத்த மூன்று வெள்ளைக்காரர்களின் பெயரைச் சொன்னார். எழுதிக்கொண்டார்கள். பதில் மட்டும் வரவே இல்லை. அன்றைக்கு அவர் கையைப் பிடித்துக்கொண்டு நின்ற ஆறு வயதுக் குழந்தைதான் பெரியம்மா.

எட்டு மணி நேரப் பயிற்சி வகுப்பை அவள் முடித்தாள். சொல்லிக் கொடுத்தவர் கார்ல்டன் மூர், ஓய்வு பெற்ற பேருந்து ஓட்டுநர். முப்பது முறை சுட வேண்டும். அவள் சுட்ட இலக்கு அட்டையைக் கழற்றிப் பார்த்துவிட்டு அவர் தலையைச் சொறிந்தார். துளைகள் எல்லாம் அதிலிருந்த ஆள் உருவத்தின் நெஞ்சுப் பகுதியில் இரண்டு வரிசையாக இருந்தன.

"ஏம்மா லுவேனியா, இங்கயும் செங்கல் அடுக்குற நினைப்புதானா?"

"மேல் வரிசை ஒரு இஞ்சு சாஞ்சிருக்கு. இன்னொரு அட்டை குடுங்க" என்றாள்.

"தாயே, நீ பாஸாயிட்ட. வீட்டுக்குப் போ!"

ஆகஸ்டில் ஷெரீஃப் அலுவலகத்துக்குப் போனோம். ஜன்னலில் டார்லா டன்ஸ்டால் இருந்தாள். சிவந்த முடியும் மூக்குக் கண்ணாடியுமாக, எல்லோருடைய பாட்டன் பூட்டன் பெயரையும் தெரிந்து வைத்திருக்கும் பெண். படிவங்கள் சரியாக இருந்தன. கடைசியாக விரல் ரேகை. கண்ணாடித் தட்டின் மேல் பெரியம்மாவின் ஒவ்வொரு விரலாகப் பிடித்து உருட்டினாள்.

"லேசா வைங்க, மிஸ் லுவேனியா. அழுத்தாதீங்க."

"இதாம்மா என் லேசு."

திரையில் மூடுபனி மாதிரி ஒரு சாம்பல் திட்டு வந்தது. அடுத்த விரலுக்கும் அதுவேதான்.

"என்ன வேலை பாக்குறீங்க?"

"செங்கல்."

"அதானே பார்த்தேன். கையுறை போட மாட்டீங்களா?"

"கையுறையோட வச்சா கல்லு சரியா உக்காந்துச்சான்னு கல்லையா கேக்க முடியும்?"

மணலும் சுண்ணாம்பும் நாற்பத்தாறு வருடமாக அரித்த விரல்கள் அவை. எப்படியோ பத்தையும் பதிவு செய்து குற்றப் பதிவுச் சரிபார்ப்புக்கு அனுப்பினாள் டார்லா. செப்டம்பரில் கடிதம் வந்தது. பதிவு தெளிவில்லாததால் நிராகரிக்கப்பட்டது என்று இருந்தது. அதில் ஒரு வார்த்தையை மட்டும் பெரியம்மா படித்தாள். கடிதத்தை நாலாக மடித்து வண்டியின் வெயில் மறைப்பில் செருகிவிட்டாள்.

"பெரியம்மா, படம் தெளிவா இல்லைன்னுதான் சொல்றாங்க. உங்களை வேண்டாம்னு சொல்லலையே."

"எங்கப்பாவையும் யாரும் வேண்டாம்னு சொல்லலடீ. பதில்தான் வரலை."



டார்லா போனில் ஒரு வழி சொன்னாள். மூன்று வாரம் கலவையைத் தொடாமல் கைக்குக் களிம்பு தடவி வந்தால் ரேகை திரும்ப முளைக்கும். மவுண்ட் நீபோ தேவாலயத்தின் புகைபோக்கி வேலை அப்போதுதான் வந்திருந்தது. அதைத் தள்ளிப் போடும்படி பெரியம்மா பாஸ்டரிடம் கேட்டுக்கொண்டாள். மாட்டு மடிக்குத் தடவும் களிம்பு டப்பா ஒன்றை வாங்கி, காலையிலும் மாலையிலும் பூசினாள். சும்மா இருக்க முடியாமல், ராய்ஸ் தோட்டச் சுவர் கட்டும் இடத்துக்குப் போய், கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

"அந்த மூலை எறங்குது. தட்டு. இன்னொரு தட்டு. போதும்டா, ஒடச்சிராத!"

"அக்கா, நீ வாயாலயே சுவர் எழுப்பிருவ போல. எனக்குச் சம்பளம் எதுக்கு?"

பதினைந்தாம் நாள் விரல் நுனியைப் படம் பிடித்துப் பெரிதாக்கிக் காட்டினேன். மெல்லிய கோடுகள் வளைந்து வளைந்து போயின. கண்ணாடியை மாட்டிக்கொண்டு வெகுநேரம் பார்த்தாள். "எனக்குச் சுழி இருக்குடீ!" என்றாள். ஞாயிற்றுக்கிழமை தேவாலய வாசலில் என் போனை வாங்கி எல்லோருக்கும் காட்டினாள், பேரப்பிள்ளை படத்தைக் காட்டுவதுபோல.

இரண்டாவது முறை போக வேண்டிய நாள் அக்டோபரில் வந்தது. அழைத்துப் போகக் காலையில் போனேன். நீல நிறத் தேவாலய உடுப்பும் தொப்பியும் அணிந்து தயாராக இருந்தாள். கையை நீட்டிக் காட்டினாள். இளஞ்சிவப்பாக, வழுவழுவென்று இருந்தது.

"எப்படி இருக்கு?"

"அழகா இருக்கு, பெரியம்மா" என்றேன். பட்டம் வாங்கிய புத்தி அவ்வளவுதான் வேலை செய்தது.

ஜன்னல் முன் நாற்காலியில் உட்கார்ந்த பெரியம்மாவின் முதல் விரலை டார்லா உருட்டினாள். திரை வெறுமையாக இருந்தது. போன முறை வந்த மூடுபனிகூட இல்லை. இரண்டாவது விரல், மூன்றாவது விரல். அவள் கண்ணாடியைக் கழற்றினாள்.

"மிஸ் லுவேனியா, கைய என்ன பண்ணீங்க?"

"சுத்தம் பண்ணேன். ஷெரீஃப் ஆபீஸுக்குக் காய்ப்பு புடிச்ச கையோட வர முடியுமா?"

"எதை வச்சு சுத்தம் பண்ணீங்க?"

"வினிகர்ல ஊறவச்சு, தேய்ப்புக்கல் போட்டேன்."

எங்கள் கொத்தனார்கள் எல்லோரும் சனிக்கிழமை மாலையில் செய்வதுதான் அது. சுண்ணாம்பு முறிய வினிகர். காய்ப்பு போக, செங்கல்லின் முனையை மழுக்கும் கல். ஞாயிறு தேவாலயத்தில் யாருக்காவது கை கொடுக்கும்போது குத்தக் கூடாது அல்லவா? கல்யாணம், சாவு என்று எங்கே போனாலும் அதே வழக்கம். மூன்று வாரம் பொத்திப் பொத்தி வளர்த்த ரேகையை, மரியாதைக்காக முந்தின நாள் அவளே தேய்த்து எடுத்துவிட்டாள்.

டார்லா மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டு சிரித்தாள். வரிசையில் பின்னால் நின்ற டென்டன் ஹாரெல், பீச் பழத்தோட்டம் வைத்திருப்பவர், எட்டிப் பார்த்தார். "என் விரல்ல ரெண்டு கடன் தரவா, மிஸ் லுவேனியா? நீங்க கட்டுன கணப்பு இன்னும் நல்லா எரியுது."

பெரியம்மா சிரிக்கவில்லை. கைகளை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அவள் முகத்தைப் பார்த்ததும் டார்லாவின் சிரிப்பு நின்றது.

"கேளுங்க" என்றாள் தணிந்த குரலில். "இதையும் அனுப்பறேன். இதுவும் திரும்பி வரும். ரெண்டு தடவை திரும்பி வந்துட்டா பேரை வச்சே குற்றப் பதிவைத் தேடச் சொல்லலாம். ஆனா ரேகை ஏன் இல்லைன்னு நீங்க எழுதித் தரணும். அது ஷெரீஃபுக்குத் திருப்தியா இருக்கணும்."

"திருப்தியா" என்று பெரியம்மா ஒருமுறை சொல்லிப் பார்த்தாள். எழுந்து போய்விடுவாள் என்று நினைத்தேன். அவள் என் பக்கம் திரும்பி, "எழுதுடீ" என்றாள்.

வெளியே பெஞ்சில் உட்கார்ந்து எழுதினேன். நெடுங்காலத் தொழில்சார் பாதிப்பு, காரத்தன்மையுள்ள பொருள்கள், தோலின் மேலடுக்கு என்றெல்லாம் ஒரு பக்கம். அவளிடம் படித்துக் காட்டினேன்.

"இது யாரைப் பத்தி?"

"உங்களைப் பத்திதான்."

"பாவம், யாரோ சீக்காளி போலன்னுல நெனச்சேன். கிழிச்சுப் போடு. நான் சொல்றதை எழுது."

அவள் சொல்லச் சொல்ல எழுதியது இது:

'என் பெயர் லுவேனியா ஸ்ப்ரூயில். நாற்பத்தாறு வருடமாகச் செங்கல் கட்டுகிறேன். செங்கல் இடுக்கில் பூசிய கலவை இறுகிவிட்டதா என்று கட்டைவிரலால் அழுத்திப் பார்த்துவிட்டுத்தான் இழைப்போம். என் விரல் அழுத்திய இடங்களை ஷெரீஃப் பார்க்க விரும்பினால்: பேலிஸ் தொடக்கப் பள்ளியின் முன்சுவர். தீயணைப்பு நிலையம். டென்டன் ஹாரெல் வீட்டுக் கணப்பு. மவுண்ட் நீபோ தேவாலயப் படிகள். இந்த அலுவலகத்தின் பின்சுவரில் 2009இல் பழுது பார்த்த பகுதி. அந்தச் சுவரின் மீதிப் பகுதி என் அப்பா அலோன்சோ ஸ்ப்ரூயில் கட்டியது. அவர் விரலும் அங்கே இருக்கிறது.'

கையெழுத்துப் போட்டாள். டார்லா அதை இரண்டு முறை படித்தாள். கோப்பில் வைத்தாள்.

மறுநாளே பெரியம்மா வேலைக்குத் திரும்பினாள். கோட்டைச் சுருட்டிச் செருகும் பருவமும் வந்துவிட்டது. எதிர்பார்த்தபடி, அனுப்பிய ரேகைப் பதிவு நிராகரிக்கப்பட்டுத் திரும்பி வந்தது. அதன் பிறகு நவம்பர் முழுக்க ஒன்றுமில்லை. தபால் வண்டி போன பிறகு பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு மூடுவாள். நான் கேட்பதில்லை.

அந்த நாட்களில் என்னையே பல தடவை கேட்டுக்கொண்டேன். கல்லூரியில் பதாகை பிடித்த நான், ஒரு துப்பாக்கி அட்டைக்காக ஏன் இப்படித் தவிக்கிறேன்? இன்றும் எனக்கு அந்தப் பொருள் பிடிக்காது. அவள் வீட்டில் அது இருக்கும் அலமாரிப் பக்கம் நான் போவதில்லை. ஆனாலும் அந்தப் பதில் வர வேண்டும் என்று அவளைவிட நான் அதிகம் வேண்டினேன்.

டிசம்பர் முதல் வாரம் டார்லா போன் செய்தாள். போனோம். ஜன்னலுக்கு அடியில் அட்டையைத் தள்ளினாள். பெரியம்மாவின் படம், பெயர், ஷெரீஃப் கையெழுத்து. படத்தில் அந்தத் தேவாலயத் தொப்பி இருந்த தடம் நெற்றியில் தெரிந்தது.

"இன்னொரு விஷயம், மிஸ் லுவேனியா" என்றாள் டார்லா. "போன வாரம் ஷெரீஃப் உங்க பேப்பரைக் கையில வச்சுக்கிட்டு பின்பக்கம் போயி சுவத்தைத் தடவித் தடவிப் பார்த்தாரு. எது நீங்க பழுது பார்த்தது, எது உங்கப்பா கட்டுனதுன்னு கண்டுபுடிக்க முடியலையாம். உங்களைக் கேக்கச் சொன்னாரு."

"தெரியக் கூடாது" என்றாள் பெரியம்மா. "தெரிஞ்சா அது என்ன வேலை?"

அட்டையைப் பையில் வைத்தாள். வெளியே வந்ததும் வண்டிக்குப் போகாமல் கட்டடத்தைச் சுற்றிக்கொண்டு பின்பக்கம் நடந்தாள். நான் கூடப் போகவில்லை. திரும்பி வந்தபோது அவள் கட்டைவிரலில் செம்மண் நிறத் தூள் ஒட்டியிருந்தது.

மறுநாள் காலை, தள்ளிப் போட்டு டிசம்பர் வரை இழுத்துவிட்ட தேவாலயப் புகைபோக்கி வேலை. கூரையின் மேல் காற்று ஊளையிட்டது. அவளுக்குக் காப்பி கொண்டு போயிருந்த நான் கீழே நின்றேன். பெரியம்மா சாரத்தில் ஏறினாள். கோட்டின் இரண்டு பக்கத்தையும் இழுத்து, கழுத்து வரைக்கும் ஜிப்பை மூடினாள். பிறகு கரண்டியை எடுத்தாள்.

ராய்ஸ் கலவைத் தொட்டியில் கையை ஊன்றிக்கொண்டு நிமிர்ந்து பார்த்தான். "என்னக்கா, இன்னைக்கு முழுசா மூடிட்ட?"

"குளுருதுல்லடா" என்றாள். "கல்லை எடு."