துண்டுக் கம்பம்

எங்கள் சுரங்க டவுன்ஷிப் திடலின் தெற்கு வேலியில், வாசலிலிருந்து ஏழாவதாக நிற்கிற சிமென்ட் கம்பத்துக்கு ஒரு பெயர் உண்டு: துண்டுக் கம்பம். போன மாதம் சிவில் பிரிவில் புதிதாகச் சேர்ந்த இன்ஜினியர் ஒருவர் எனக்குப் போன் செய்தார். "ஹெலிகாப்டர் இறங்க இடம் தயார் பண்ற ஃபைல்ல, 'துண்டுக் கம்பம் வரை தண்ணீர் ஊற்றவும்'னு உங்க கையெழுத்துல இருக்கு. அது என்ன சார்?" ஓய்வுபெற்று வீட்டில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த எனக்கு, பதில் சொல்லி முடிப்பதற்குள் காபி ஆறிப்போனது.

பத்து வருடம் இருக்கும். பெரிய மனிதர் ஒருவர் ஹெலிகாப்டரில் வருவதாக ஏற்பாடு. தரையைச் சமன்செய்து, சுண்ணாம்பில் வட்டம் போட்டு, அதைத் தண்ணீர் விட்டு நனைத்துவைக்கும் பொறுப்பு என்னுடையது. வேலை செய்தவர்கள் பக்கத்துக் கிராமமான வடக்குத்திலிருந்து கான்ட்ராக்டில் வந்த பன்னிரண்டு பெண்கள். அவர்களின் தலைவியை எல்லோரும் மேஸ்திரியம்மா என்போம். தலையில் சிவப்புக் கட்டம் போட்ட துண்டு, திடலின் நாலு மூலைக்கும் எட்டுகிற குரல். நான் போட்ட சுண்ணாம்பு வட்டத்தைப் பார்த்து, "வட்டமா சார் இது? திருப்பும்போது பிஞ்ச தோசையாட்டம் இருக்குது" என்று அத்தனை பேர் முன்னால் சிரித்தவர்.

முதல் நாள் ஒத்திகை. வட்டம் பளபளவென்று மின்னும்வரை தண்ணீர் ஊற்றியிருந்தார்கள். ஹெலிகாப்டர் வந்து, தரைக்கு மேலே இரண்டு ஆள் உயரத்தில் நின்றது. அவ்வளவுதான், சுற்றிலும் செம்மண் புழுதி சுவர்போல எழும்பியது. எங்களுக்கு ஹெலிகாப்டர் தெரியவில்லை. பைலட்டுக்குத் தரை தெரியவில்லை. அவர் இறங்காமலே மேலே தூக்கிக்கொண்டு போய்விட்டார். மறுநாள் இன்னொரு ஒத்திகை, அதிலும் புழுதி கிளம்பினால் வேறு ஊரில் இறங்கிக்கொள்வோம் என்று தகவல் வந்தது. கான்ட்ராக்டர் மேஸ்திரியம்மாவின் மேல் பாய்ந்தார். "ஒழுங்கா தண்ணி ஊத்தினா இப்படி ஆவுமா? நாளைக்கும் புழுதி கிளம்புச்சின்னா உன் செட்டுல ஒருத்தியும் வேலைக்கு வர வேணாம்." அவர்கள் ஊற்றிய ஒவ்வொரு குடத்தையும் கண்ணால் பார்த்தவன் நான். ஆனாலும் வாய் திறக்கவில்லை. அதை நினைத்தால் இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது.

மேஸ்திரியம்மா தெற்கு வேலியைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஹெலிகாப்டர் காற்றில் தலையிலிருந்து பிடுங்கிக்கொண்டு போன அவருடைய துண்டு, அங்கே ஒரு கம்பத்தில் மாட்டியிருந்தது.

"நான் அதையே பாத்துக்கினு இருந்தன் சார். மேல பறக்கல. தரையோட தரையா ஓடிச்சி."

பிறகு ஒரு குடம் தண்ணீரை எடுத்து, பம்ப் அறையின் சிமென்ட் தரையில் நெட்டுக்குத்தாகக் கவிழ்த்தார். விழுந்த தண்ணீர் நாலா பக்கமும் ஓடியது. "காத்தும் இப்பிடித்தாங்க கொட்டுது. கொட்டற எடத்த நனைச்சோம். ஓடற எடம் காஞ்சி கெடக்குதே, புழுதி அங்கேர்ந்து கெளம்புது."

எனக்குச் சுருக்கென்றது. விமானம் ஓடுபாதையில் ஓடித்தான் இறக்கைக்கு வேண்டிய காற்றைப் பிடிக்கிறது. ஹெலிகாப்டர் நின்ற இடத்திலேயே விசிறியைச் சுழற்றிக் காற்றைக் கீழே தள்ளுகிறது, அந்தத் தள்ளலில்தான் மேலே எழும்புகிறது. இறங்கும்போதும் சக்கரம் தரையைத் தொடும்வரை முழு எடையையும் அந்தக் காற்றுதான் தாங்க வேண்டும். இதையெல்லாம் படித்துப் பரீட்சை எழுதியவன் நான். தரையில் மோதிய காற்று எங்கே போகும் என்று ஒரு நாளும் யோசித்ததில்லை.

"திடல் மொத்தமும் நனைக்கப் போறியா?" என்று கான்ட்ராக்டர் சிரித்தார். இந்த முறை வாயைத் திறந்தேன். "நனைக்கட்டும். என் பொறுப்பு." சுரங்கத்துச் சாலைகளுக்குத் தண்ணீர் தெளிக்கிற லாரி இரண்டை எழுதிக் கேட்டு வாங்கினேன். மேஸ்திரியம்மா இடுப்பில் ஒரு கையை ஊன்றிக்கொண்டு, வட்டத்தின் விளிம்பிலிருந்து துண்டு மாட்டிய கம்பம்வரை எட்டு வைத்து எண்ணினார். நாற்பத்திரண்டு தப்படி. அதே அளவுக்கு எல்லாப் பக்கமும் நனைத்தார்கள், சாயங்காலம் ஒரு தரம், காலையில் ஒரு தரம். "சேறாக்கிடாதீங்கடி, ஊற வுடுங்க" என்று குரல் கேட்டுக்கொண்டே இருந்தது. துண்டை எடுக்கப் போனவளையும் அதட்டினார்: "அது கெடக்கட்டும், அதான் அளவு."

மறுநாள் ஹெலிகாப்டர் இறங்கியபோது பன்னிரண்டு பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். காற்று நெஞ்சில் அறைந்தது. கம்பத்தில் துண்டு படபடத்தது. புழுதி ஒரு சிட்டிகைகூட எழும்பவில்லை. சக்கரங்கள் ஈரத் தரையில் உட்காருவதைத் தெளிவாகப் பார்த்தோம். பைலட் இறங்கிவந்து யார் செய்த வேலை என்று கேட்க, கான்ட்ராக்டர் ஓரடி முன்னால் வந்தார். நான் மேஸ்திரியம்மாவைக் காட்டினேன். "இவங்க சார். இவங்கதான்." அவர் சுண்ணாம்புக் கையைப் புடவையில் துடைத்துவிட்டுப் பைலட்டோடு கைகுலுக்கினார். என் சர்வீஸில் அன்றைக்குத்தான் நான் மிகவும் நிமிர்ந்து நின்றேன். அந்தப் பன்னிரண்டு பேரில் ஒருவரின் வேலையும் போகவில்லை.

புது இன்ஜினியரிடம் இதையெல்லாம் சொல்லிவிட்டு, அன்று மாலையே வடக்குத்துக்கு வண்டியை விட்டேன். மேஸ்திரியம்மா இப்போது வேலைக்குப் போவதில்லை. வீட்டு வாசலில் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார். ஃபைலில் துண்டுக் கம்பம் இன்னும் இருக்கிறது என்று பெருமையாகச் சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தார்.

"துண்ட எழுதி வெச்சீங்க, சரி. என்னிய எழுதலியா சார்?"

கேலியாகத்தான் கேட்டார். கிளம்புவதற்கு முன் அவருடைய முழுப்பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டேன்.

மறுநாள் காலை புது இன்ஜினியரைக் கூட்டிக்கொண்டு திடலுக்குப் போய், ஏழாவது கம்பத்தைக் காட்டினேன். பிறகு அவருடைய மேஜை முன்னால் உட்கார்ந்து, அனுமதி கேட்டு, அந்த ஃபைலைத் திறந்தேன். துண்டுக் கம்பம் என்ற வரிக்குப் பக்கத்தில், இந்த அளவைக் கண்டுபிடித்தவர் என்று இப்போது மேஸ்திரியம்மாவின் முழுப்பெயர் இருக்கிறது. என் கையெழுத்து அதற்குக் கீழே.