கடல் இல்லாத ஸ்பெயினிலிருந்து வந்தவர்

செய்தி குரல்பதிவாக வந்தது, ஸ்பானிய மொழியில். போன வாரம் ஒரு காலையில் தோட்டத்து ஆபீஸ் போனில் அது வந்தபோது, ஸ்டோரைப் பார்த்துக்கொள்ளும் தேவராசா அண்ணனும் நானும் உர மூட்டை இறக்கிக்கொண்டிருந்தோம். ஒரு பெண் நிதானமாகப் பேசுகிறார். நடுவில் ஒருமுறை மூக்கை உறிஞ்சுகிறார். "பிலார்" என்ற பெயரைத் தவிர எங்களுக்கு எதுவும் புரியவில்லை. அண்ணன் அதை மொழிபெயர்க்கும் செயலியில் போட்டு, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு படித்தார்.

"தங்கச்சிதான் கதைக்கிறா. பிலார் செவ்வாய்க்கிழமை மோசம் போயிட்டாவாம். நெஞ்சு வருத்தமாம்." மோசம் போவது என்றால் அண்ணன் ஊர்ப் பேச்சில் இறப்பது. "ஒருத்தரும் கறுப்பு உடுக்க வேண்டாமெண்டு முந்தியே சொல்லி வச்சவவாம். கறுப்புச் சூடாம்."

அந்த இடத்தில் எங்கள் இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அவரைத் தெரிந்தவர்கள் யாரும் எங்களைத் தப்பாக நினைக்கமாட்டார்கள்.

ஷார்ஜாவின் உட்பகுதியில், தைத் பக்கம் இருக்கிற இந்தத் தோட்டத்தில் அவரோடு வேலை பார்த்துவிட்டு இப்போது தோஹாவிலும் அல் கோபாரிலும் ஊரிலுமாக இருக்கிற நம் ஆட்களுக்காக இதை எழுதுகிறேன். பிலார் இங்கே ஏழு வருடம் பாசன இன்ஜினியராக இருந்தார். நான் அவருக்குக் கீழே ஃபோர்மேன். அவர் பேசியது பாதி இங்கிலீஷ், பாதி இந்தி. இங்கே அவர் தமிழில் பேசினால் அது நான் மாற்றிச் சொல்வது.

வந்த முதல் நாள் அவர் எங்கள் மெஸ்ஸிலேயே சாப்பிட உட்கார்ந்தார். ஸ்பெயின் என்றதும் நம் ஆட்கள் ஃபுட்பால், காளைச் சண்டை, கடற்கரை என்று ஆளுக்கொன்று கேட்டார்கள். அவர் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டி மறுத்தார். "எங்க ஊர்ல கடல் மாஃபி, கிடையாது. காளை மாஃபி, ஆடுதான். ஃபுட்பால் டீம் இருக்கு, எப்பவும் தோக்கும்." பிறகு சாப்பிட்ட தட்டைக் கழுவிக்கொண்டு வந்து மேசையில் கவிழ்த்து வைத்தார். "இதுதான் லா மாஞ்சா. நாட்டுக்கு நடுவுல, மேடா, தட்டையா." அந்தத் தட்டின் முதுகில் விரலை வைத்து ஊர்களைக் காட்டினார். இங்கே ஒரு ஊர். மூன்று மணி நேரம் நடந்தால் அடுத்த ஊர். சுவரெல்லாம் வெள்ளை, அடியில் மட்டும் நீலப் பட்டை. நடுவில் பந்தல் இல்லாத திராட்சைக் கொடி, தரையோடு தரையாகக் குந்தியிருக்கும். குளிர்காலத்தில் உறைபனி இலையைக் கருக்கும். கோடையில் வெயில் கருக்கும்.

"நீ எந்த ஊர்?" என்று என்னைக் கேட்டார்.

"மதுரை, மேடம்."

பக்கத்தில் இருந்தவன் சிரித்துவிட்டான். அவர் விடவில்லை. போனில் வரைபடத்தை எடுத்து என் கையில் கொடுத்தார். நான் விரலை நகர்த்தி நகர்த்திக் கமுதியில் கொண்டுபோய் நிறுத்தினேன்.

"இது மதுரை இல்லையே. ரெண்டு மணி நேரம் தள்ளி இருக்கு."

"கமுதின்னா யாருக்கு மேடம் தெரியும்?"

"லா மாஞ்சாவும் இங்க யாருக்கும் தெரியாது. சொன்னாத்தான் தெரியும்."

அன்றைக்கு ஆரம்பித்தது எங்கள் போட்டி, யார் ஊர் அதிகம் காய்ந்தது என்று. உறைபனி என் ஊரில் கிடையாது என்பதால் அதில் அவருக்கு ஒரு மதிப்பெண். சீமைக்கருவேலத்தைப் பற்றிச் சொன்னபோது எனக்கு ஒன்று. வானத்திலிருந்து எடுத்த படத்தில் எங்கள் மாவட்டத்துக் கண்மாய்களைப் பார்த்துவிட்டு, "இத்தனை ஏரியை வச்சுக்கிட்டா வறட்சின்னு சொல்ற?" என்று என்னைத் தகுதி நீக்கம் செய்யப் பார்த்தார். "ஏரி இருக்கு மேடம், மழை வரணும்ல" என்றேன். யோசித்து, அந்த மதிப்பெண்ணையும் எனக்கே கொடுத்தார்.

கேம்ப்பில் வெள்ளிக்கிழமைக் காலையில் முந்தின நாள் குப்பூஸ் ரொட்டி மீந்து கிடக்கும். ஒரு ஜனவரிக் குளிரில் அவர் அதைப் பார்த்துவிட்டு, கையைக் கழுவிக்கொண்டு அடுப்படிக்குள் வந்தார். குப்பூஸைப் பிய்த்து உப்புத் தண்ணீர் தெளித்து மூடி வைத்தார். நிறைய எண்ணெயில் தோலோடு பூண்டைப் போட்டு, அந்தத் துண்டுகளைக் கொட்டி அரை மணி நேரம் கிளறினார். அவர் ஊர் ஆட்டுக்காரர்கள் காட்டில் செய்து சாப்பிடுவதாம், மீகாஸ் என்று பெயர். கூடவே திராட்சையைக் கடித்துக்கொள்ள வேண்டும். நம் ஆட்கள் ஒரு வாய் சாப்பிட்டுப் பார்த்து, அவர் திரும்பிய நேரத்தில் பச்சை மிளகாயும் கறிவேப்பிலையும் தாளித்துக் கொட்டிவிட்டார்கள். முகம் சுளித்தார். பிறகு இரண்டாம் முறையும் வாங்கிச் சாப்பிட்டார். இன்றும் மெஸ்ஸில் அதற்குப் பெயர் பிலார் உப்புமாதான்.

குங்குமப்பூக் கதையையும் சொல்லிவிடுகிறேன். ஊரிலிருந்து கிழங்குகள் கொண்டுவந்து ஸ்டோரில் ஏசி போட்டு வளர்த்தார். அவர் லீவில் போயிருந்தபோது பார்த்தா பூக்க வேண்டும்! மொத்தம் பதினொரு பூ. வாடிவிடும் என்று பயந்து தேவராசா அண்ணன் இதழை நீக்கி, சிவப்பு நாரை மட்டும் எடுத்துக் காயவைத்தார். நாங்கள் அதைக் கேசரியில் போட்டோம். நிறமே வரவில்லை, கலர் பொடியும் போட்டோம். பிலார் திரும்பி வந்து விசாரித்தபோது அண்ணன் ஒளிக்கவில்லை. "கேசரியா சாப்பிட்டிட்டம், மேடம்." அவர் சுவரில் சாய்ந்து சிரித்தார். "மணம் இருந்ததா?" என்று மட்டும் கேட்டார். "இருந்தது" என்று அண்ணன் பொய் சொன்னார்.

எல்லா நாளும் இப்படிப் போகவில்லை. அவர் வந்த மூன்றாம் வருடம் கிணற்றுத் தண்ணீர் உப்பாகிவிட்டது. வெள்ளரியும் முலாம்பழமும் இலை ஓரம் எரிந்து நின்றன. அர்பாப், அதாவது எங்கள் முதலாளி, இன்னும் ஆழமாக இரண்டு கிணறு போடச் சொன்னார். பிலார் வேண்டாம் என்றார். இருக்கிற ஐந்து கிணற்றில் மூன்றை மூட வேண்டும், பாதி நிலத்தைச் சும்மா போட வேண்டும் என்றார். கேம்ப் முழுக்கப் பேச்சு. பாதி நிலம் என்றால் பாதி ஆள்தானே. அன்று மதியம் பம்ப் ரூமில் அவரிடம் நானே போய்க் கேட்டேன்.

"உங்களுக்கு வேற எடம் கெடைக்கும் மேடம். விசாவை கேன்சல் பண்ணுனா நாங்க எங்க போறது?"

அவர் கவிழ்ந்து கிடந்த வாளியில் உட்கார்ந்தார். அவர் ஊர்ப் பக்கம் ஒரு ஆறு தரைக்கு அடியிலிருந்து ஊற்றாகக் கிளம்புமாம். அந்த ஊற்றுகளை ஆற்றின் கண்கள் என்பார்களாம். சின்ன வயதில் அங்கே படகில் போயிருக்கிறார். பிறகு எல்லாரும் மோட்டார் வாங்கி ஆழ ஆழத் தோண்டினார்கள், சோளமும் பீட்ரூட்டும் போட்டார்கள். சில வருடம் நல்ல விளைச்சல். அப்புறம் கண்கள் மூடிக்கொண்டன. படகு காய்ந்த சேற்றில் நின்றது. அடியில் இருந்த மக்கிய மண் தானாகத் தீப்பிடித்துப் புகைந்தது.

"முதல்ல தோண்டினவங்கள்ல எங்க அப்பாவும் ஒருத்தர்" என்றார். "நல்ல மனுஷன். எங்களைப் படிக்க வைக்கத்தான் தோண்டினார். அந்தத் தண்ணியிலதான் நான் இன்ஜினியர் ஆனேன்."

நான் வெளியே வந்துவிட்டேன்.

மறுநாள் அர்பாப் கோபமாகத்தான் வந்தார். என்னையும் கூடவே நிற்கச் சொன்னார்கள். பிலார் நிலத்தடி நீர் அளவையெல்லாம் பேசவில்லை. வாய்க்காலைக் காட்டி, "இதற்கு உங்கள் பேச்சில் என்ன பெயர்?" என்றார். அர்பாப் "ஸாகியா" என்றார். "எங்கள் ஊரில் அஸேகியா. கிணற்றுச் சக்கரம்?" "நாஊரா." "எங்களுக்கு நோரியா. குங்குமப்பூ உங்களுக்கு ஸஃப்ரான், எங்களுக்கு அஸஃப்ரான்." லா மாஞ்சா என்ற பெயரே வறண்ட நிலம் என்ற அரபுச் சொல்லிலிருந்து வந்ததாக ஊரில் சொல்வார்கள் என்றார். "தண்ணீரை எப்படி வைத்துக்கொள்வது என்று உங்கள் ஆட்கள்தான் எங்களுக்குக் கற்றுக்கொடுத்துவிட்டுப் போனார்கள். நாங்கள் மறந்தோம், அனுபவித்தோம். நீங்களும் மறக்காதீர்கள்."

அர்பாப், தன் தாத்தா காலத்தில் இங்கே ஊர்த் தண்ணீரை நிழலை வைத்து நேரம் பார்த்து முறை வைத்துப் பங்கிட்டதைத் தானாகவே சொல்ல ஆரம்பித்தார். முடிவில், "ஒரு சீசன். ஒன்றே ஒன்று. கலாஸ், அவ்வளவுதான்" என்று சொல்லிவிட்டு வண்டியில் ஏறினார்.

அந்த ஒரு சீசனுக்கு அவர் சொந்த ஊர் முலாம்பழ விதை போட்டார். பச்சைத் தோலில் புள்ளி புள்ளியாக இருக்கும், அவர்கள் மொழியில் தேரைத் தோல் என்றே பெயராம். செடிக்குச் செடி அகல இடம் விட்டோம். சொட்டுநீரைக் குறைத்துக் குறைத்து, செடி வாடுமோ என்று நான் பயப்படும் அளவுக்கு வைத்தார். அர்பாபே கத்தியை எடுத்து முதல் பழத்தை வெட்டினார். ஒரு துண்டு சாப்பிட்டார், இரண்டாவது துண்டை எடுத்தார். காய் எண்ணிக்கையில் குறைவுதான். ஆனால் ஷார்ஜா மார்க்கெட்டிலிருந்து மறுவாரமே கேட்டு வந்தார்கள். கிணற்றில் உப்பு கொஞ்சம் இறங்கியது. இரண்டு பேரை ஈச்ச மரப் பக்கம் மாற்றினார்கள். யாரும் ஊருக்குப் போகவில்லை.

அவர் ஓய்வு பெற்றுப் போன அன்று ஏர்போர்ட்டில், பம்ப் ரூமில் அப்படிக் கேட்டதற்கு மன்னிப்புக் கேட்டேன். அவர் என் தோளைத் தட்டினார்.

"நல்லவேளை கேட்டே. அதுவரைக்கும் நான் தண்ணியைப் பத்தி மட்டும்தான் யோசிச்சிருந்தேன். நீ கேட்ட பிறகுதான், ஆள் குறைச்சா முதல்ல என்னைக் குறைங்கன்னு அர்பாபுக்கு லெட்டர் எழுதினேன்."

பக்கத்தில் நின்ற தேவராசா அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். அந்தக் கடிதத்தை டைப் அடித்தவரே அவர்தான். நாலு வருடம் என்னிடம் மூச்சு விடவில்லை.

சிலர் போனால் அவர்கள் படம் வீட்டில் இருக்கும், சிலர் கொடுத்த பொருள் இருக்கும். எனக்குப் பிலார் விட்டுப்போனது கேட்கிற தைரியம். இப்போது தோட்டத்தைப் பார்ப்பது அர்பாபின் மகன். போன மாதம் வரைபடத்தோடு வந்து, விருந்தினர் வீட்டைச் சுற்றிப் பச்சைப் புல்வெளி போடப் போவதாகச் சொன்னார். எல்லாரும் ஆமாம் என்றோம். அப்புறம் என் வாய் சும்மா இருக்கவில்லை.

"நல்லாருக்கு பாய். தண்ணி எந்தக் கெணத்துலேர்ந்து எடுக்கணும்?"

அவர் வரைபடத்தை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார். யோசித்துச் சொல்கிறேன் என்று சுருட்டிக்கொண்டு போனார். இன்னும் புல் போடவில்லை.