சிலந்திக்குப் போட்ட பஞ்சு

உயர்தர வகுப்பில் உயிரியல் படிக்கிறேன் என்ற கர்வம் எனக்குக் கொஞ்சம் அதிகம். ஹாலிஎலவுக்கு மேலே, தேயிலைத் தோட்டத்தில் உள்ள எங்கள் லயத்து வீட்டுக்குள் மழைக்காலத்தில் ஓநாய்ச் சிலந்திகள் வந்துவிடும். அவை வலை பின்னுவதில்லை. ஓடித்தான் இரை பிடிக்கும், நம்மைக் கண்டால் ஒதுங்கிவிடும்.

அன்று விறகடியில் ஒன்று முட்டைப் பையை வயிற்று நுனியில் ஒட்டி இழுத்துக்கொண்டு போனது. போத்தலில் பிடித்தேன். பையைப் பிடுங்கி, உள்ளே பார்க்கும் அவசரத்தில் பிளேடால் கீறினேன். முட்டைகள் சிதறிப்போயின.

சிலந்தி போத்தல் முழுக்கத் தேடியது. பஞ்சை உருட்டிப் போட்டேன். புத்தகத்தில் படித்தபடியே, அதை அணைத்து ஒட்டிக்கொண்டது.

"அக்கா, இங்க வாயேன்! வெறும் பஞ்ச முட்டைன்னு தூக்கிட்டு அலையுது, லூசு!"

அக்கா வந்து குனிந்து பார்த்தாள். பிள்ளையை அது பிறந்த அன்றே பறிகொடுத்துவிட்டு எங்களோடு வந்து இருக்கிறாள். பிள்ளைக்குத் தைத்த சட்டையைத் தலையணைக்கடியில் வைத்துத்தான் படுப்பாள். "அத எடுத்து ஒளிச்சிரு, அப்பதான் அவ தேறுவா" என்று அம்மா என்னிடம் சொல்லியிருந்தார். நானும் தலையாட்டியிருந்தேன்.

"இதோட முட்டை எங்கடி?"

"வெட்டிட்டேன்க்கா."

அவள் திட்டவில்லை. போத்தலை வாங்கி விறகடியில் மெதுவாகச் சாய்த்தாள்.

"அந்தப் பஞ்சையாவது புடுங்காம விடுடி."

சிலந்தி பஞ்சோடு இருட்டுக்குள் போனது. அக்கா வெகுநேரம் அங்கேயே குந்தியிருந்தாள்.

அவளிடம் மன்னிப்புக் கேட்க எனக்கு இன்னும் வாய் வரவில்லை. எடுத்துவிட்டாயா என்று அம்மா கேட்கும்போதெல்லாம், தேடியும் சட்டை கிடைக்கவில்லை என்று பொய் சொல்கிறேன்.